வாயைத் திறக்காதவருக்கு முதல் எம்மி: ஆரம்பகாலத் தொலைக்காட்சியும் டம்ப் ஷராட்ஸும்

வாசகர் ஒருவரின் கேள்வி, பிப்ரவரி 4

தொலைக்காட்சிக்கான எம்மி விருது முதன்முதலில் கொடுக்கப்பட்டபோது "மிகவும் பிரபலமான நிகழ்ச்சி" என்ற பரிசை வாங்கியது, ஒருவர் வாய் திறக்காமல் நடித்துக் காட்டுவதை மற்றவர்கள் கண்டுபிடிக்கும் டம்ப் ஷராட்ஸ் நிகழ்ச்சியாம். நாடகம் இல்லை, செய்தி இல்லை, பாட்டு இல்லை. நாலு பேர் கையைக் காலை ஆட்டுவதற்கு அமெரிக்காவின் பெரிய விருதா? வேறு எதுவுமே இல்லாததால் கொடுத்துவிட்டார்கள் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பிப்ரவரி 4, இரவு

வேறு எதுவும் இல்லாமல் இல்லை. ஆனால் குறைவுதான்.

நிகழ்ச்சியின் பெயர் பாண்டமைம் க்விஸ். 1947 நவம்பரில் லாஸ் ஏஞ்சல்ஸில் கேடிஎல்ஏ என்ற நிலையத்தில் தொடங்கியது. நடத்தியவர் மைக் ஸ்டோக்கி. ஒரு பக்கம் நான்கு பேர், எதிர்ப்பக்கம் நான்கு பேர். பழமொழி, பாட்டின் முதல் அடி, புத்தகத் தலைப்பு, கிறுக்குத்தனமான ஒரு வாக்கியம் என்று எதையாவது எழுதி நேயர்கள் அனுப்புவார்கள். ஒருவர் அதை வாய் திறக்காமல் நடித்துக் காட்ட, தன் அணியில் மற்ற மூன்று பேரும் இரண்டு நிமிடத்துக்குள் கண்டுபிடிக்க வேண்டும். எல்லாருடைய நேரத்தையும் கூட்டிப் பார்த்து, குறைவாக எடுத்துக்கொண்ட அணி ஜெயிக்கும். வாக்கியம் அனுப்பியவருக்குப் பரிசு உண்டு. அவ்வளவுதான் நிகழ்ச்சி.

இது ஏன் எடுபட்டது என்பதற்கு என்னிடம் ஒரு விளக்கம் இருக்கிறது. அன்றைக்கு அமெரிக்க இசைக் கலைஞர்களின் சங்கத் தலைவராக இருந்தவர் ஜேம்ஸ் பெட்ரில்லோ. தொலைக்காட்சியில் எங்கள் ஆட்கள் நேரலையாக வாசிக்கக்கூடாது என்று அவர் 1945இல் தடை போட்டுவிட்டார். 1948 மார்ச்சில்தான் தடை நீங்கியது. அந்த மாதம் 20ஆம் தேதிதான் இசைக்குழு நடத்துநர் டோஸ்கனினியின் சிம்பொனி என்பிசி தொலைக்காட்சியில் வந்தது. இடைப்பட்ட மூன்று வருடம் ஆர்கெஸ்ட்ரா கிடையாது. ஹாலிவுட் ஸ்டுடியோக்களும் படம் தர மறுத்தன. பாட்டும் இல்லை, படமும் இல்லை என்றால் நிலையத்துக்காரன் எதைத்தான் காட்டுவான்? குத்துச்சண்டை காட்டுவான், மல்யுத்தம் காட்டுவான், சமையல் காட்டுவான், அப்புறம் இது.

பிப்ரவரி 5

நேற்று எழுதியதில் ஒன்று விட்டுப்போனது. "அமெரிக்காவின் பெரிய விருது" என்று கேள்வியில் இருந்ததை அப்படியே விட்டுவிட்டேன். முதல் எம்மி அமெரிக்காவுக்கான விருதே இல்லை. 1949 ஜனவரி 25ஆம் தேதி ஹாலிவுட் அத்லெடிக் கிளப்பில் நடந்த விழா அது. டிக்கெட் 5 டாலர். லாஸ் ஏஞ்சல்ஸ் பகுதியில் ஒளிபரப்பான நிகழ்ச்சிகள் மட்டும்தான் போட்டியில். நியூயார்க்கில் என்ன நடந்தது என்று இவர்களுக்குக் கவலை இல்லை. ஊர்க் கோயில் கொடையில் கொடுக்கும் பரிசு மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள், பிற்பாடு அந்தக் கொடை பெரிசாகிவிட்டது.

அன்றைக்குச் சிறந்த தொலைக்காட்சி ஆளுமை என்ற பரிசு ஷெர்லி டின்ஸ்டேல் என்ற இளம் பெண்ணுக்கு. பொம்மையை மடியில் வைத்துக்கொண்டு வாய் அசைக்காமல் பேசுகிறவர். ஆக அந்த மேடையில் ஒரு பரிசு வாயை அசைக்காமல் பேசியவருக்கு, இன்னொன்று வாயைத் திறக்காமல் நடித்தவர்களுக்கு.

பிப்ரவரி 5, மதியம்

கேடிஎல்ஏ பற்றிக் கேட்டிருந்தார்கள். பாரமவுண்ட் ஸ்டுடியோவின் நிலையம். 1947 ஜனவரியில் வணிக ஒளிபரப்பைத் தொடங்கியபோது விழாவை நடத்தியவர் நகைச்சுவை நடிகர் பாப் ஹோப். அந்த ஊரில் அன்று டிவி பெட்டி இருந்ததே சில நூறு வீட்டில்தான். அந்தக் காலத்தில் நன்றாக விற்ற ஆர்சிஏ மாடலுக்கு 10 அங்குலத் திரை. ஒரு சாப்பாட்டுத் தட்டைவிடச் சின்னது. அதில் முகபாவம் எல்லாம் எங்கே தெரியும்? தோளைக் குலுக்கினால் தெரியும், குனிந்து நிமிர்ந்தால் தெரியும், கையை விரித்தால் தெரியும். கேமராவுக்கும் வேலை கம்மி. ஒருவர் நிற்கிறார், மூன்று பேர் உட்கார்ந்து கத்துகிறார்கள். செட் வேண்டாம், ஒத்திகை வேண்டாம், வசனம் எழுத ஆள் வேண்டாம்.

செலவு பிடிக்காததும் சின்னத் திரைக்குத் தோதானதும் ஒன்றாகவே அமைந்துவிட்ட விளையாட்டு இது. பெட்ரில்லோவை விட இதுதான் பெரிய காரணமோ என்று இப்போது சந்தேகமாக இருக்கிறது. யோசித்து எழுதுகிறேன்.

பிப்ரவரி 7

"பாண்டமைம் க்விஸ்தான் முதலாவதா?" என்று கேட்டவருக்கு: இல்லை. ஒரு வருடம் முன்னாலேயே, 1946 இலையுதிர் காலத்தில், நியூயார்க்கில் ப்ளே த கேம் என்று ஒன்று வந்தது. தயாரித்தது ஏபிசி. ஏபிசிக்கு அப்போது சொந்தமாக டிவி நிலையமே கிடையாது, நியூயார்க் நிலையம் 1948 ஆகஸ்டில்தான் வந்தது. அதனால் டூமாண்ட் கம்பெனியின் நிலையத்தில் இடம் வாங்கி ஒளிபரப்பினார்கள். வாடகை வீட்டில் கல்யாணம் நடத்திய கதை.

இதை நடத்தியவர் யார் என்பதுதான் எனக்குப் பிடித்த விஷயம். ஹார்வி சோர்பா. நியூயார்க் பல்கலைக்கழகப் பேராசிரியர். சமூகவியல் படித்தவர்களுக்கு இந்தப் பெயர் தெரிந்திருக்கும். சிகாகோவில் ஒரே வட்டாரத்தில் ஏரிக்கரை மாளிகைகளும் சேரியும் எப்படி அடுத்தடுத்து இருக்கின்றன என்று 1929இல் ஆய்வு நூல் எழுதிய அதே சோர்பா. பதினேழு வருடம் கழித்து டிவியில் நின்று, ஊமை ஜாடை காட்டுகிறவர்களுக்கு நடுவராக இருக்கிறார். நம் ஊரில் எந்தப் பேராசிரியராவது செய்வாரா? செய்வார், பட்டிமன்றத்துக்கு வரவில்லையா?

இதில் இன்னொரு விஷயமும் இருக்கிறது. வீட்டில் பார்க்கிறவர்களுக்கு விடை தெரிந்தால் நிலையத்துக்கு ஃபோன் போட்டுச் சொல்லலாம். அதாவது பார்க்கிறவனும் ஆட்டத்தில் உண்டு. இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு வருகிறேன்.

பிப்ரவரி 7, இரவு

வரிசையாகச் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் ஆளாளுக்குக் கேட்பீர்கள். 1947 கடைசியில் டூமாண்டில் ஷராட் க்விஸ். நடத்தியவர் பில் ஸ்லேட்டர். நேயர் அனுப்பியதை நடிகர் குழு ஒன்று நடிக்கும், தனியாக உட்கார்ந்திருக்கும் குழு கண்டுபிடிக்கும். 1949 வரை ஓடியது. அதற்குப் பிறகு சே இட் வித் ஆக்டிங். பிராட்வே நாடகங்களில் நடித்துக்கொண்டிருந்தவர்கள் அணி அணியாக வந்து மோதுவார்கள். அணித் தலைவர்கள் மேகி மெக்னெல்லிஸ், பட் காலியர்.

பட் காலியர் யார் தெரியுமா? வானொலியில் சூப்பர்மேனுக்குக் குரல் கொடுத்தவர். குரலை வைத்தே பிழைத்தவரை வாயைத் திறக்காத விளையாட்டுக்குத் தலைவராகப் போட்டிருக்கிறார்கள்.

பிப்ரவரி 9

"இதெல்லாம் நம் அபிநயம்தான், பரதத்தில் இல்லாத முத்திரையா?" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். நான்கு பேர் அதற்குக் கைதட்டியும் இருக்கிறார்கள்.

அய்யா, அபிநயத்தில் பாட்டு கூடவே ஓடுகிறது. "மானே" என்று பாடகர் பாடும்போதுதான் கையில் மான் வருகிறது. முத்திரைக்கு அர்த்தம் முன்கூட்டியே முடிவாகிவிட்டது, தெரிந்தவர்களுக்கு அது எழுத்து மாதிரி. டம்ப் ஷராட்ஸில் பாட்டும் கிடையாது, அகராதியும் கிடையாது. அகராதி இல்லாமல் தவிப்பதுதான் விளையாட்டே. எல்லாவற்றுக்கும் பாட்டன் நாம்தான் என்று சொல்லிக்கொண்டிருந்தால் விவாதம் நகராது.

சின்ன அகராதி ஒன்று பிறகு உருவானது உண்மை. எத்தனை சொல் என்று விரல் காட்டுவது, சொல்லை அசையாகப் பிரிக்க முழங்கைக்குக் கீழே விரலை வைத்துத் தட்டுவது, புத்தகம் என்றால் உள்ளங்கை இரண்டையும் விரிப்பது, சினிமா என்றால் கண்ணருகே ஒரு கையை வைத்து இன்னொரு கையால் கேமராவைச் சுற்றுவது. 1990களின் தொடக்கத்தில் திருச்சியில் நான் படித்த கல்லூரியில் டம்ப்-சி என்றுதான் சொல்வோம், கல்ச்சுரல்ஸில் அதற்குத்தான் கூட்டம் முட்டும். எல்லா அணியும் இப்படித்தான் கேமராவைச் சுற்றும். கையால் சுற்றும் கேமராவை எங்களில் ஒருவன்கூடப் பார்த்தது கிடையாது. யோசித்துப் பார்த்தால் 1947லேயே அது பழைய சமாச்சாரம், பேசும் படம் வந்ததோடு மோட்டார் வைத்த கேமரா நிலைத்துவிட்டது.

"அந்தச் சொல் மாதிரி ஒலிக்கும்" என்பதற்குக் காதைப் பிடித்து இழுப்பது. எங்கள் அணியில் தமிழ் இலக்கியம் படித்த ஒருவன் இருந்தான். காதை இழுத்தால் எதுகை, மூக்கைத் தொட்டால் மோனை என்று ஏற்பாடு செய்துகொண்டோம். நடுவர் ஒத்துக்கொள்ளவில்லை. விதிப் புத்தகத்தில் மூக்கு இல்லையாம்.

பிப்ரவரி 10

பெட்ரில்லோ விஷயம். யோசித்துவிட்டேன். என் முதல் விளக்கம் பாதிதான் தேறும். தடை 1948 மார்ச்சில் நீங்கியது. பாட்டும் நடனமும் இல்லாத குறையை நிரப்பத்தான் இந்த விளையாட்டு வந்தது என்றால், அவை வந்தவுடன் இது ஓடிப்போயிருக்க வேண்டும். பாண்டமைம் க்விஸ் ஓடிப்போகவில்லை. 1950 கோடையில் சிபிஎஸ் நெட்வொர்க்குக்குப் போனது. பிறகு என்பிசி, டூமாண்ட், ஏபிசி என்று நான்கு நெட்வொர்க்கிலும் வந்துவிட்டது. அந்தக் காலத்தில் நான்கிலும் வந்த நிகழ்ச்சிகளை விரல் விட்டு எண்ணிவிடலாம். 1959 வரை விட்டுவிட்டு வந்து, 1962இல் ஸ்டம்ப் த ஸ்டார்ஸ் என்ற புதுப் பெயரில் மறுபடி சிபிஎஸ்ஸில்.

ஆனால் எப்படி வந்தது பாருங்கள். பெரும்பாலும் கோடையில் வந்தது. பெரிய நிகழ்ச்சிகள் லீவில் போகும்போது அந்த இடத்தை நிரப்ப. வீட்டில் இட்லி மாவு தீர்ந்த அன்றைக்கு உப்புமா கிண்டுவது போல. இத்தனைக்கும் உப்புமாவை விரும்பிச் சாப்பிடுகிறவர்கள் இருக்கிறார்கள், நான் அதில் ஒருவன்.

ஆக, பெட்ரில்லோவால் இடம் கிடைத்தது என்று சொல்லலாம். நிலைத்தது ஏன் என்பதற்கு அவர் பதில் இல்லை.

பிப்ரவரி 10, சற்று கழித்து

யார் யார் வந்தார்கள் என்ற கேள்வி. நிரந்தர ஆட்களில் எனக்குப் பிடித்தவர் ஹான்ஸ் கான்ரீட். ஒல்லியாக நெடுநெடுவென்று இருப்பார், டிஸ்னியின் கேப்டன் ஹுக்குக்குக் குரல் கொடுத்தவர். வின்சென்ட் பிரைஸ் வந்திருக்கிறார். பேய்ப்பட ஆள் என்று நாம் நினைக்கிறவர், இங்கே தரையில் உருண்டு ஒரு பழமொழியை விளக்கிக்கொண்டிருப்பார். 1950களின் கடைசியில் கரோல் பர்னெட், டிக் வான் டைக் இரண்டு பேரும் இதில் விளையாடியிருக்கிறார்கள், இரண்டு பேரும் அப்போது பெரிய நட்சத்திரங்கள் ஆகவில்லை. உடம்பால் சிரிக்கவைக்கத் தெரிந்தவர்களுக்கு இதைவிட நல்ல பயிற்சிக்கூடம் எது?

பிப்ரவரி 12

எங்கள் வீட்டுக் கதை ஒன்று. விவாதத்துக்குச் சம்பந்தம் உண்டு, பொறுமையாகப் படிக்கவும்.

1986 வாக்கில் எங்கள் வீட்டில் ஒரு கறுப்பு வெள்ளைப் பெட்டி. மரச் சட்டம், இழுத்து மூடும் கதவு. ஒரு நாள் சத்தம் போய்விட்டது. படம் மட்டும் வருகிறது. மெக்கானிக் வந்து பின்பக்கத்தைக் கழற்றினார், ஒரு பாகத்தைத் துணியில் சுற்றி எடுத்துக்கொண்டு "நாளைக்கு வாரேன்" என்று போனவர் மூன்று வாரம் வரவில்லை.

ஞாயிறு மாலைத் தமிழ்ப் படத்தை விட முடியுமா? சத்தம் இல்லாமலேயே பார்த்தோம். தெருவில் இருந்து வழக்கமாக வரும் பத்துப் பன்னிரண்டு பேரும் வந்தார்கள். முதல் வாரம் நாங்கள் யாரும் பார்க்காத படம். அரை மணி நேரத்தில் பாதிப் பேர் எழுந்து போய்விட்டார்கள். யார் யாருக்கு அண்ணன், ஏன் அழுகிறாள், ஒன்றும் விளங்கவில்லை.

இரண்டாவது வாரம் வந்தது ஆச்சி டூரிங் டாக்கீஸில் நாலைந்து தடவை பார்த்த படம். ஆச்சி கட்டிலில் காலை நீட்டிக்கொண்டு வசனம் சொல்ல ஆரம்பித்தாள். "இப்பம் அவன் கேப்பான் பாரு, 'எங்கே போயிட்டு வார'ன்னு. இவ ஒண்ணும் சொல்ல மாட்டா. பாரு, வாயத் தெறக்காளா?" அவள் சொன்னபடியே அந்த நடிகை வாயைத் திறக்கவில்லை. நாங்கள் சிரித்த சிரிப்பில் அடுத்த வீட்டுக்காரர் வந்து பார்த்துவிட்டுப் போனார். அது அழுகைப் படம் என்று ஞாபகம்.

மூன்றாவது வாரம் அப்பா வேறு ஆளைக் கூட்டி வந்து சரி பண்ணிவிட்டார். எங்களுக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான்.

பிப்ரவரி 13

"இதற்கும் ஷராட்ஸுக்கும் என்ன சம்பந்தம்?" என்று கேட்கிறார்கள். சொல்கிறேன், அதற்கு முன் ஒரு திருத்தம்: 1986 இல்லை, 87. அக்கா ஃபோனில் திட்டினாள். மெக்கானிக்கும் மூன்று வாரம் இல்லையாம், இரண்டு வாரமாம். அப்படியானால் அந்த மூன்றாவது ஞாயிறு எங்கே போயிற்று என்று கேட்டால் அவளிடம் பதில் இல்லை. போகட்டும்.

சம்பந்தம் இதுதான். 1946இல் சோர்பா நிகழ்ச்சியில் பார்க்கிறவனுக்கு விடை தெரியாது, ஃபோன் போட வேண்டும். பிற்பாடு வந்த நிகழ்ச்சிகளில் பார்க்கிறவனுக்கு விடையை முதலிலேயே காட்டிவிடுகிறார்கள். பிரிட்டனில் கிவ் அஸ் எ க்ளூ என்று ஐடிவியில் 1979இல் தொடங்கியது, ஆரம்பகாலம் இல்லைதான், ஆனால் விஷயம் தெளிவாகத் தெரிவது அதில்தான். ஆண்கள் அணிக்கு லயனல் பிளேர், பெண்கள் அணிக்கு ஊனா ஸ்டப்ஸ் தலைவர்கள், நடத்தியவர் மைக்கேல் ஆஸ்பெல். நடிக்கப்போகும் தலைப்பு திரையில் எழுத்தாக வந்துவிடும். அரங்கில் அந்த அணிக்கு மட்டும்தான் தெரியாது.

விடை தெரியாமல் பார்த்தால் இது புதிர். விடை தெரிந்து பார்த்தால் இது நாடகம். "அதைத்தான் சொல்ல வருகிறான், பக்கத்தில் வந்துவிட்டாய், அட, ஏன் அந்தப் பக்கம் போகிறாய்" என்று நாம் துடிக்கிறோம். எங்கள் வீட்டில் முதல் வாரம் எழுந்து போனதற்கும் இரண்டாம் வாரம் சிரித்ததற்கும் இதுதான் வித்தியாசம் என்று இப்போது தோன்றுகிறது. இந்த விளையாட்டு டிவியில் நிலைத்ததற்கும் காரணம் இதுதான் என்பது என் கட்சி.

பிப்ரவரி 13, இரவு

ஒருவர் சரியாக மடக்கியிருக்கிறார்: "விடை தெரிந்தால்தான் சுவை என்றால், 1946இல் ஏன் அப்படிச் செய்யவில்லை?"

எனக்குத் தோன்றுவது: அன்று டிவி வைத்திருந்தவன் வானொலி க்விஸ் கேட்டுப் பழகியவன். வானொலியில் கேள்வி வரும், நாம் வீட்டில் பதிலை முணுமுணுப்போம். அந்தப் பழக்கத்தோடுதான் டிவிக்கு வந்தார்கள். பார்ப்பதே தனி இன்பம், பதில் சொல்லியே ஆக வேண்டும் என்றில்லை என்று கண்டுகொள்ளக் கொஞ்ச நாள் பிடித்திருக்கும். இது ஊகம்தான், அடித்துச் சொல்லமாட்டேன்.

பெட்டி கொஞ்சம் வீட்டில்தான் இருந்தது என்பதால் ஃபோன் வைத்து விளையாடவும் முடிந்தது. லட்சம் பேர் பார்த்தால் அந்த ஃபோன் என்ன ஆகும்?

பிப்ரவரி 16

அசை பிரிப்பது பற்றி எழுதியபோது ஞாபகம் வந்தது. ஷராட் என்பது முதலில் நடிப்பே இல்லை. 18ஆம் நூற்றாண்டு பிரான்சில் அது எழுத்து விடுகதை. சொல்லைத் துண்டாக்கி ஒவ்வொரு துண்டுக்கும் ஒரு துப்பு, கடைசியில் முழுச் சொல்லுக்கு ஒரு துப்பு. பிறகு இங்கிலாந்தில் பெரிய வீட்டு விருந்துகளில் அந்தத் துண்டுகளை வேஷம் கட்டி நடிக்க ஆரம்பித்தார்கள். 1847இல் வந்த 'ஜேன் ஐர்' நாவலில் இப்படி ஒரு காட்சி வருகிறது. முதலில் ஒரு கல்யாணம், அது 'ப்ரைட்'. அடுத்து கிணற்றடியில் தண்ணீர்க் குடத்தோடு ஒரு பெண், அது 'வெல்'. மூன்றாவதாகச் சங்கிலி மாட்டிய கைதி. சேர்த்தால் 'ப்ரைட்வெல்', லண்டனில் இருந்த சிறைச்சாலை. சரியாக நூறு வருடம் கழித்து பாண்டமைம் க்விஸ். தற்செயல்தான், ஆனாலும் நன்றாக இருக்கிறது.

இந்தத் துண்டாக்கும் வித்தை ஆங்கிலத்தைவிடத் தமிழில்தான் கொழிக்கும் என்று சொல்வேன். பல வருடம் முன்பு ஒரு பொங்கல் லீவில் சித்தப்பாவுக்கு வந்த சீட்டு "உப்பிட்டவரை உள்ளளவும் நினை". உப்பு சுலபம், நாக்கில் ஒரு துளி வைத்து முகத்தைச் சுளித்தார், வந்துவிட்டது. "உப்பில்லாப் பண்டம் குப்பையிலே" என்று எல்லாரும் கத்தினார்கள். இல்லை என்று கையை ஆட்டினார். நினை என்பதற்கு நெற்றியைத் தட்டினார், "தலைவலி", "மறதி", "போலீஸ்" என்று வந்தது. கடைசியில் இரண்டாவது சொல்லைப் பிடித்தார். அறைக்குள்ளே விரலை நீட்டினார்: "உள்ளே." பாதியாக வெட்டினார்: "உள்." சித்தியின் தையல் மிஷினில் கிடந்த டேப்பை எடுத்து என் தோளை அளந்தார்: "அளவு." இரண்டையும் சேர்த்துக் காட்டினார். அத்தை சட்டென்று "உள்ளளவும்!" என்றாள், அடுத்த நொடி முழுப் பழமொழியும் வந்துவிட்டது. பொருளை வைத்து யாரும் கண்டுபிடிக்கவில்லை, புணர்ச்சி விதியை வைத்துக் கண்டுபிடித்தார்கள்.

டேப்பைக் கையில் எடுத்தது தப்பு, பொருள் எதையும் தொடக்கூடாது என்று சித்தி ஆட்சேபித்தாள். ஆட்டத்துக்காகவா, டேப்புக்காகவா என்பது இன்றுவரை தெளிவில்லை.

பிப்ரவரி 17

"வானொலியில் ஷராட்ஸ் நடத்த முடியுமா?" என்று கிண்டலாகக் கேட்டவருக்கு: நடத்தியிருக்கிறார்கள். கிவ் அஸ் எ க்ளூவைக் கிண்டல் செய்தே பிபிசி ரேடியோ 4இல் ஐ'ம் சாரி ஐ ஹாவ்ன்ட் எ க்ளூ என்ற நிகழ்ச்சியில் சவுண்ட் ஷராட்ஸ் என்று ஒரு சுற்று உண்டு. வாயைத் திறந்து பேசியே, ஒரு குட்டி நாடகம் போட்டு, கடைசியில் மட்டமான சிலேடை ஒன்றில் விடையை ஒளித்து வைப்பார்கள். அதில் பேரி க்ரையரும் கிரேம் கார்டனும் போட்ட ஹாமிஷ், டூகல் என்ற இரண்டு ஸ்காட்லாந்துக் கிழவர்கள் அவ்வளவு பிரபலமாகி, 2002இல் அவர்களுக்கென்று தனி நிகழ்ச்சியே வந்துவிட்டது. சிலேடை என்றால் காளமேகம் வரைக்கும் போய்விடுவோம், நிறுத்திக்கொள்கிறேன்.

பிப்ரவரி 19

பிரிட்டனின் ஆரம்பகாலத்தை விட்டுவிட்டோம். டிவியில் வந்த முதல் போட்டி நிகழ்ச்சி என்று சொல்லப்படுவது பிபிசியின் ஸ்பெல்லிங் பீ, 1938 மே 31. எழுத்துக்கூட்டுவதைப் பார்க்க டிவி எதற்கு? வானொலி போதும். இதைத்தான் முன்பு சொன்னேன், பழைய பழக்கத்தோடு புதுப் பெட்டிக்கு வந்தார்கள்.

1951இல் வாட்ஸ் மை லைன் வந்தபோது மாறிவிட்டது. அமெரிக்காவில் முந்தைய வருடம் சிபிஎஸ்ஸில் தொடங்கியதுதான், ஒருவர் வருவார், அவர் தொழில் என்ன என்று குழு கேள்வி கேட்டுக் கண்டுபிடிக்க வேண்டும். பிபிசிக்காரர்கள் அதில் ஒன்று சேர்த்தார்கள்: வந்தவர் கையெழுத்துப் போட்டதும், தன் வேலையில் ஒரு அசைவை மட்டும் நடித்துக் காட்ட வேண்டும். சில நொடிதான். இருபது வருடம் அதே வேலையைச் செய்தவரின் கை அது. நடிகனின் கை இல்லை.

இதில் புகழ்பெற்ற ஆள் ஒருவர் உண்டு, ஸ்டாஃபர்ட்ஷயரிலிருந்து வந்த மண்பாண்டத் தொழிலாளி. அவர் வேலைக்குப் பெயர் "சாகர் மேக்கர்ஸ் பாட்டம் நாக்கர்". சூளைக்குள் பாத்திரங்களை வைத்துச் சுட, தீக்களிமண்ணில் ஒரு பெட்டி செய்வார்கள், அதுதான் சாகர். அந்தப் பெட்டியின் அடித்தட்டுக்கான களிமண்ணை இரும்பு வளையத்துக்குள் போட்டுக் கனத்த கொட்டாப்புளியால் தட்டித் தட்டிப் பரப்புகிறவர் இவர். அந்தத் தட்டும் அசைவை மட்டும் பார்த்து யாரால் சொல்ல முடியும்? தோசைக்கல் சுத்தம் செய்கிறவர் என்றுகூடச் சொல்லலாம்.

என் கணக்கில் சைகை விளையாட்டின் ஆகச் சிறந்த வடிவம் இந்தச் சில நொடிதான். கிறுக்குத்தனமான வாக்கியத்தை நடிகர் நடித்துக் காட்டுவதைவிட, ஒரு மனிதர் தன் சொந்த வேலையைக் காற்றில் செய்து காட்டுவது எனக்கு ஒரு படி மேல். பிப்ரவரி 10 அன்று வான் டைக்கைப் பற்றி உருகி எழுதியது நான்தான், தெரியும்.

பிப்ரவரி 20

யூட்யூப் சுட்டி கேட்கிறவர்களுக்கு. பாண்டமைம் க்விஸ் சிலது கிடைக்கும். டூமாண்ட் சமாச்சாரம் கேட்காதீர்கள். அந்தக் காலத்தில் நேரலையைச் சேமிக்க ஒரே வழி, டிவி திரைக்கு முன்னால் ஃபிலிம் கேமராவை வைத்துப் பிடிப்பது. கினெஸ்கோப் என்பார்கள். 1951 செப்டம்பரில் கரை விட்டுக் கரை இணைப்பு வரும்வரை லாஸ் ஏஞ்சல்ஸ் நிகழ்ச்சியை நியூயார்க்கில் பார்க்கவும் இதுதான் வழி, ஃபிலிம் பெட்டியில் போகும். டூமாண்ட் நெட்வொர்க் 1956இல் மூடிவிட்டது. அதன் கினெஸ்கோப்புகளை 1970களில் லாரியில் ஏற்றி நியூயார்க் விரிகுடாவில் கொட்டிவிட்டார்கள் என்று நடிகை ஈடி ஆடம்ஸ் 1996இல் விசாரணையில் சொன்னார். டூமாண்ட் காட்டியதில் பெரும்பகுதி இன்று பார்க்கக் கிடைக்காது.

சோர்பா ஃபோனை எடுத்து என்ன சொன்னார் என்று பார்க்க எனக்கு ரொம்ப ஆசை.

பிப்ரவரி 26

போன ஞாயிற்றுக்கிழமை அக்கா வீட்டில் எல்லாரும் கூடினோம். என் கட்சியைச் சோதித்துப் பார்த்தேன். கூடத்தை இரண்டாகப் பிரித்து, ஒரு பக்கத்தாருக்குச் சீட்டைக் காட்டினேன், மறுபக்கத்தாருக்குக் காட்டவில்லை. அக்கா மகன் நடித்தான். "ஆனைக்கும் அடி சறுக்கும்." சுலபமானதாகப் பார்த்துத்தான் கொடுத்தேன்.

தும்பிக்கை போட்டான், யானை வந்துவிட்டது. அப்புறம் வழுக்கி விழ வேண்டும். டைல்ஸ் தரையில் நிஜமாகவே வழுக்கி விழுந்தான். விடை தெரிந்தவர்கள் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார்கள். தெரியாதவர்கள் பதறி எழுந்து தைலம் தேடப் போய்விட்டார்கள். அவன் தரையில் கிடந்தபடியே இரண்டாவது சொல் என்று இரண்டு விரலைக் காட்டிக்கொண்டிருந்தான்.

இரண்டு நிமிடம் முடிந்தது. விடை வரவில்லை. முட்டியில் லேசான வீக்கம்தான், இப்போது சரியாகிவிட்டது. அக்கா என்னோடு இன்னும் பேசவில்லை, அதனால் 86ஆ 87ஆ என்பதை இப்போதைக்கு உறுதிப்படுத்த வழியில்லை.